மீஞ்சூர் சாம்பலும் மூன்று மீட்டர் கயிறும்

சென்ட்ரலில் இருந்து கும்மிடிப்பூண்டி செல்லும் ரெயில் பாதையில், ஏறக்குறைய 30 கிலோமீட்டர் தூரத்தில் இருக்கிறது மீஞ்சூர். ஏகாம்பரநாதர் கோவிலும், வரதராஜப் பெருமாள் கோவிலும் உள்ள இந்த ஊருக்கு "வட காஞ்சி" என்ற பெயரும் உண்டு.

பெயர் பழையது. ஊரைச் சுற்றி இருப்பவை எல்லாம் புதியவை. கிழக்கே போனால் வல்லூர் அனல் மின்நிலையம், 1,500 மெகாவாட். அத்திப்பட்டில் வடசென்னை அனல் மின்நிலையம். அதன் மூன்றாவது கட்டமாக 800 மெகாவாட் யந்திரம் 2024-ம் ஆண்டு மார்ச்சில் தொடங்கி வைக்கப்பட்டது. எண்ணூரில் காமராஜர் துறைமுகம். காட்டுப்பள்ளியில் இன்னொரு துறைமுகம். அதே காட்டுப்பள்ளியில்தான், கடல்நீரில் இருந்து நாளொன்றுக்கு 10 கோடி லிட்டர் குடிநீர் எடுக்கும் ஆலை 2010-ல் திறக்கப்பட்டது. வண்டலூரில் புறப்படும் வெளிவட்டச் சாலை வந்து முடிவதும் மீஞ்சூரில்தான்.

மின்சாரம் இங்கிருந்து போகிறது. தண்ணீர் இங்கிருந்து போகிறது. கப்பல் சரக்கு இங்கிருந்து போகிறது. இத்தனையும் போகும் ஊருக்கு ஒன்று வந்து சேர வேண்டும். அது வருவதில்தான் தகராறு.

அதுதான் இணையம்!

"நெட்டு இல்லைம்மா"

பஞ்சாயத்து ஆபீசுக்கு ஒரு மூதாட்டி வீட்டு வரி கட்ட வருகிறார் என்று வைத்துக் கொள்ளுங்கள். கிராமப் பஞ்சாயத்து வரிகளை இணையத்தின் மூலம் கட்டும் ஏற்பாடு 2023-ல் வந்துவிட்டது. கையில் பணம் இருக்கிறது. ரசீது போடக் கம்ப்யூட்டர் இருக்கிறது. வாசலில் மின்கம்பம் வரை கறுப்புக் கேபிளும் வந்திருக்கிறது. ஆனால் கிடைக்கும் பதில்:

"நெட்டு இல்லைம்மா. நாளைக்கு வாங்க."

நாளைக்கும் அதே பதில். அதற்கு அடுத்த நாள் இணையம் இருக்கும். மத்தியானம் போய்விடும். ஒரு நாள் வேலையை விட்டுவிட்டு வந்தவருக்குக் கூலியும் போச்சு, பஸ் காசும் போச்சு.

கேபிள் போட்ட கிராமங்களில் அந்தக் கேபிள் உயிரோடு இருப்பதில்லை என்ற குறை, நாட்டின் பல மாநிலங்களிலும் வெகு காலமாகச் சொல்லப்பட்டு வருவது. எல்லோரும் அண்ணாந்து கம்பத்தைப் பார்க்கிறார்கள். "லாரி இடித்து அறுத்துவிட்டது", "யாரோ பள்ளம் தோண்டிவிட்டார்கள்" என்று பேசிக் கொள்கிறார்கள். அப்படியும் நடப்பது உண்டு. ஆனால் கோளாறு பல சமயம் கம்பத்தில் இல்லை. ஆபீசுக்கு உள்ளே, அலமாரியின் பின்னால், சுவரில் இருக்கும் சிறு பெட்டிக்கும் மேஜை மேல் இருக்கும் யந்திரத்துக்கும் இடையே தொங்கும் மூன்று மீட்டர் கயிற்றில் இருக்கிறது.

தொழில் தெரிந்தவர்கள் இதை "பேட்ச் கார்டு" என்று சொல்லுகிறார்கள். இது கடிதம் எழுதும் கார்டு அல்ல. "கார்டு" என்றால் கயிறு. இரண்டு பக்கமும் மூக்கு வைத்த கண்ணாடிக் கயிறு!

பணம் எங்கே போகிறது?

இந்தக் கயிற்றைப் பற்றி இப்போது பேசுவதற்குக் காரணம் இருக்கிறது. கிராமம்தோறும் ஒளியிழை கொண்டுபோகும் "பாரத்நெட்" திட்டத்துக்கு, 2023-ம் ஆண்டு ஆகஸ்டில் மத்திய மந்திரிசபை சுமார் 1 லட்சத்து 39 ஆயிரம் கோடி ரூபாய் அனுமதித்தது. புதிதாகக் கேபிள் போடுவதற்கு மட்டும் அல்ல; போட்டதைப் 10 ஆண்டுக் காலம் பராமரிப்பதற்கும் சேர்த்துத்தான்.

தமிழ்நாட்டில் இந்த வேலைக்கென்றே 2018-ல் ஒரு கம்பெனியை அரசாங்கம் ஏற்படுத்தியது. அதன் பெயர் தமிழ்நாடு பைபர்நெட் கார்ப்பரேஷன். 12,525 கிராமப் பஞ்சாயத்துகளுக்கும் நொடிக்கு 1 ஜிகாபிட் வேகத்தில் இணைப்புத் தருவது குறிக்கோள். 2022-ம் ஆண்டு ஜூனில் கன்னியாகுமரி மாவட்டத்தில் வேலை தொடங்கியது. பெரும்பகுதிக் கேபிள் மின்கம்பங்களின் வழியே செல்லும்படி திட்டம் போடப்பட்டது. மீஞ்சூர் பஞ்சாயத்து யூனியனில் உள்ள 55 பஞ்சாயத்துகளும் இந்தக் கணக்கில் சேர்ந்தவையே.

கோடிக் கணக்கில் பணம். ஆயிரக் கணக்கில் கிலோமீட்டர். டெண்டரில் கேபிளுக்குப் பக்கம் பக்கமாக விதி. வேலை முடிந்தது என்று பில் போடுவதும் கிலோமீட்டர் கணக்கில்தான். கடைசி மூன்று மீட்டரை யார் வாங்குகிறார்கள்? பெரும்பாலும், அன்று வேலைக்கு வந்த பையன். எங்கே வாங்குகிறான்? ரிச்சி தெருவில் எது மலிவோ அது!

இந்த மலிவுக்குத்தான் பின்னால் விலை கொடுக்க வேண்டியிருக்கிறது.

கண்ணாடி வந்த கதை

கண்ணாடி வழியே ஒளியை வளைத்துக் கொண்டுபோகலாம் என்பதை உலகுக்குக் காட்டியவர்களில் ஒருவர் இந்தியர். பஞ்சாபில் மோகா என்ற ஊரில் 1926-ல் பிறந்த நரீந்தர் சிங் கபானி. இங்கிலாந்தில் ஹாப்கின்ஸ் என்ற பேராசிரியரோடு சேர்ந்து 1954-ல் இதைப் பற்றிய கட்டுரையை வெளியிட்டார். ஆனால் அந்தக் காலத்துக் கண்ணாடியில் ஒளி சில மீட்டர் போவதற்குள் செத்துவிடும். வைத்தியர்கள் வயிற்றுக்குள் பார்க்க உதவுமே தவிர, ஊர்விட்டு ஊர் பேச உதவாது.

"குற்றம் கண்ணாடியில் இல்லை. கண்ணாடியில் கலந்துள்ள அசுத்தத்தில் இருக்கிறது" என்பதை 1966-ல் எடுத்துச் சொன்னவர் சார்லஸ் காவோ. அதற்காக 2009-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. 1970-ல் அமெரிக்காவில் கார்னிங் கம்பெனி விஞ்ஞானிகள் மூவர், ஒரு கிலோமீட்டர் போன பிறகும் நூற்றில் ஒரு பங்கு ஒளி மிஞ்சும் இழையைச் செய்தார்கள். அன்று அதுவே பெரிய சாதனை! இன்றைய இழையில் ஒரு கிலோமீட்டர் தாண்டினாலும் நூற்றில் 95 பங்கு மிஞ்சுகிறது. சென்னையில் இருந்து அந்தமானுக்குக் கடலுக்கு அடியில் சுமார் 2,300 கிலோமீட்டர் கேபிள் போட்டு, 2020-ம் ஆண்டு ஆகஸ்டு 10-ந் தேதி திறந்து வைத்தார்களே, அதன் உள்ளே ஓடுவதும் இந்த இழைதான்.

அசுத்தத்தை இழைக்கு உள்ளிருந்து விரட்ட ஐம்பது வருஷம் பாடுபட்டாயிற்று. இப்போது அது வெளியே வந்து, மூக்கின் நுனியில் உட்கார்ந்திருக்கிறது.

9 மைக்ரான் வாசல்

பேட்ச் கார்டின் முனையில் வெண்மையான பீங்கான் மூக்கு ஒன்று இருக்கும். அதன் நட்ட நடுவில், கண்ணுக்குத் தெரியாத புள்ளியாகக் கண்ணாடி இழை வந்து முடிகிறது. இழையின் மொத்தக் கனம் 125 மைக்ரான். ஒளி ஓடும் உள்வழி அதற்கும் நடுவில், 9 மைக்ரான் அகலம்தான். மனிதனின் தலைமயிர் சுமார் 70 மைக்ரான் என்றால், இந்த வாசல் எவ்வளவு சிறியது என்று பார்த்துக் கொள்ளுங்கள்.

இரண்டு மூக்குகளை ஒன்றோடு ஒன்று முட்ட வைப்பதுதான் இணைப்பு. இரண்டு வாசலும் நேர் நேராக, இடையில் காற்றுகூட இல்லாமல் ஒட்டி நிற்க வேண்டும்.

இனி மீஞ்சூருக்கு வாருங்கள்.

அனல் மின்நிலையத்தில் நிலக்கரி எரிந்து எஞ்சுவது சாம்பல். செப்பாக்கம் கிராமத்தை ஒட்டிச் சாம்பல் குட்டை இருக்கிறது. கோடைக் காற்று அடித்தால் திண்ணை வெளுக்கும். காயப்போட்ட துணியை உதறிவிட்டுத்தான் மடிக்க வேண்டும். அந்தச் சாம்பலின் துகள் எவ்வளவு பெரிது? ஒரு மைக்ரானுக்குக் கீழே இருந்து 100 மைக்ரான் வரை. அதாவது, 9 மைக்ரான் வாசலை முழுசாக அடைக்கப் போதுமான துகள்கள் அதில் ஏராளம்!

அடைப்பதோடு விட்டால் பரவாயில்லை. சாம்பல் துகளில் பெரும்பகுதி சிலிக்காவும் அலுமினாவும். அதுவும் கிட்டத்தட்டக் கண்ணாடி ஜாதிதான். கெட்டியானது. துகள் இருக்கும்போது மூக்கைச் சொருகி அழுத்தினால், அது நசுங்கி இழையின் முகத்தில் குழி பறிக்கும். துடைத்தால் அழுக்குப் போகும். குழி போகுமா? எதிரே இருக்கும் நல்ல மூக்கும் கெட்டுப் போகும். அதில் அடுத்தாற்போல் சொருகப்படும் புதுக் கார்டும் கெடும்.

போதாக்குறைக்குக் கடற்காற்று. ஈரத்தோடு உப்பு வந்து படிகிறது. ஈரம் காய்ந்ததும் உப்பு மட்டும் நின்று விடுகிறது. கண்டெய்னர் லாரிகள் கிளப்பும் புழுதி வேறு.

ஒளியிழை வலைகளில் உண்டாகும் கோளாறுகளுக்கு முதற்காரணம் முனையில் படியும் அழுக்குதான் என்பது உலகம் முழுவதும் இந்தத் தொழிலில் உள்ளவர்கள் ஒப்புக்கொண்ட விஷயம். ஏ.சி. அறையில், கதவை மூடிக் கொண்டு வேலை செய்கிற இடங்களிலேயே இப்படி என்றால், ஜன்னலுக்குக் கண்ணாடி இல்லாத பஞ்சாயத்து ஆபீசில் கேட்க வேண்டுமா?

ஆயிரம் ரூபாய்க் கணக்கு

"துளி அழுக்குக்கு இத்தனை ஆர்ப்பாட்டமா?" என்று கேட்கலாம். வீட்டுக்கு வரும் பைபர் இணைப்பை எடுத்துக் கொண்டு, பணக் கணக்காகவே போட்டுப் பார்க்கலாம்.

எக்சேஞ்சில் இருந்து 1,000 ரூபாய் ஒளி புறப்படுகிறது. வழியில் "ஸ்பிளிட்டர்" என்ற பெட்டி அதை 32 வீடுகளுக்குப் பங்கு போடுகிறது. பெட்டியில் வீணாவதையும் சேர்த்தால், ஒரு வீட்டுக்குக் கிடைப்பது 20 ரூபாய். 10 கிலோமீட்டர் கேபிளில் நடந்து வருவதற்குள் 20 ரூபாய் 9 ரூபாய் ஆகிவிடும். ஒட்டுகள், இணைப்புகள் எல்லாம் ஒழுங்காக இருந்தால் 6 ரூபாய் வீடு வந்து சேரும். வீட்டில் இருக்கும் பெட்டி வேலை செய்யக் குறைந்தபட்சம் தேவைப்படுவது 1 ரூபாய் 60 காசு. ஆகவே கவலை இல்லை.

இப்போது ஒரு மூக்கில் சாம்பல் படிகிறது. அது 6 டெசிபல் ஒளியைத் தின்கிறது என்று வையுங்கள். 3 டெசிபல் என்றால் பாதி. 6 டெசிபல் என்றால் பாதியில் பாதி. 6 ரூபாய் ஒன்றரை ரூபாய் ஆயிற்று. தேவையோ 1 ரூபாய் 60 காசு.

பெட்டியில் சிவப்பு விளக்கு எரிகிறது. வீட்டில் நெட்டு இல்லை!

ஒன்றரை ரூபாய்க்கும் 1 ரூபாய் 60 காசுக்கும் நடுவில் இழுபறியாக இருந்தால், அதுதான் மிக மோசம். காலையில் வரும், மாலையில் போகும். கதவை அறைந்து சாத்தினால் போகும். ஆள் வந்து பார்க்கும்போது சரியாக இருக்கும். அவர் தெருமுனை திரும்பியதும் போய்விடும். எக்சேஞ்சில் குறையா, வீட்டில் குறையா என்று மாதக் கணக்கில் சண்டை நடக்கும்.

ஆகையால், ரிப்பேருக்கு வருகிறவரிடம் ஒரு கேள்வி கேட்கலாம்: "பவர் எவ்வளவு வருது தம்பி?" அவரிடம் உள்ள மீட்டர் மைனஸ் கணக்கில் காட்டும். மைனஸ் 20, மைனஸ் 22 என்றால் நல்லது. மைனஸ் 27 எல்லை. மைனஸ் 26 காட்டும்போது, "லைன் வந்துடுச்சு, கையெழுத்துப் போடுங்க" என்று சொன்னால் போடாதீர்கள். கார்டின் இரண்டு முனையையும் துடைத்துவிட்டு மறுபடி அளக்கச் சொல்லுங்கள்.

வேட்டி நுனி வேண்டாம்

துடைப்பதிலும் முறை இருக்கிறது.

வாயால் ஊதுகிறார்கள். ஊதினால் தூசி போகலாம். எச்சில் துளி ஒட்டிக் கொள்ளும். சட்டை நுனியில், வேட்டி நுனியில் துடைக்கிறார்கள். நூல் பிசிறும், வியர்வையும், அந்தத் துணியில் ஏற்கெனவே இருந்த சாம்பலும் மூக்குக்கு மாறும். விரலால் தடவினால் எண்ணெய்ப் பசை. இவை எதுவுமே கூடாது.

பிசிறு உதிராத விசேஷத் துணி இருக்கிறது. பேனா போன்ற ஒரு கருவியும் இருக்கிறது. மூக்கில் வைத்து "கிளிக்" என்று அழுத்தினால், உள்ளே இருக்கும் நூல்நாடா சுற்றித் துடைத்துவிடும். சில நூறு தடவைக்கு வரும். பிடிவாதமான அழுக்குக்கு, நீர் கலக்காத ஐசோபுரொபைல் ஆல்கஹால் ஒரு துளி. உடனே உலர்ந்த துணியால் ஒரு துடைப்பு. ஈரத்தோடு சொருகிவிடக் கூடாது. துடைத்த பிறகு, இதற்கென்று உள்ள பூதக்கண்ணாடியில் பார்த்துவிட்டுச் சொருகுவது உத்தமம்.

"மூடி போட்டுத்தானே வைத்திருந்தோம்?" என்பார்கள். மூடியை நம்பாதீர்கள். பிளாஸ்டிக் மூடிக்கு உள்ளேயே தூசியும் பசையும் இருப்பது உண்டு. புதுப் பாக்கெட்டைப் பிரித்து எடுத்த கார்டையும் துடைத்துவிட்டுத்தான் சொருக வேண்டும்.

ஒன்று மிக முக்கியம். ஒளி வருகிறதா என்று முனையைக் கண்ணுக்கு நேரே பிடித்துப் பார்ப்பது சிலருக்கு வழக்கம். வேண்டாம்! இந்த ஒளி கண்ணுக்குத் தெரியாத ஜாதி. எரிந்தாலும் இருட்டாகவே இருக்கும். வீட்டு இணைப்பில் பலம் குறைவுதான். ஆனால் கேபிள் டி.வி. கண்ட்ரோல் ரூமில் ஒளியைப் பெருக்கி அனுப்பும் யந்திரம் இருக்கிறது. அதில் இருந்து வரும் இழையைக் கண்ணில் வைத்தால் கண் கெட்டுவிடும். அவ்வளவு பலமான ஒளியின் வழியில் அழுக்கு இருந்தால், அது எரிந்து கண்ணாடியோடு ஒட்டிக் கொள்ளும். பிறகு அந்தக் கார்டு குப்பைக்குத்தான்.

பச்சையும் நீலமும்

கனெக்டரின் நிறம் அழகுக்காக அல்ல. நீல மூக்கின் முகம் நேராக மெருகிடப்பட்டது. பச்சை மூக்கின் முகம் 8 டிகிரி சாய்வாக வெட்டப்பட்டது. மோதித் திரும்பும் ஒளி வந்த வழியே போய் அனுப்பும் யந்திரத்தைக் குழப்பாமல், பக்கவாட்டில் சிதறிப் போகட்டும் என்பதற்காக இந்தச் சாய்வு. கேபிள் டி.வி. படத்தை ஒளியில் ஏற்றி அனுப்புவதற்குப் பச்சைதான் தேவை. கேபிள் டி.வி. நடத்திக் கொண்டிருந்தவர்கள் பலர் இப்போது அதே இழையில் இணையமும் தருகிறார்கள். அதனால் வடசென்னையில் வீட்டுக்கு வீடு பச்சை மூக்கைப் பார்க்கலாம்.

பச்சையை நீலத்தோடு சொருகினால் என்ன ஆகும்? சொருகும் அளவு ஒன்றுதான். உள்ளே போகும். "கிளிக்" என்றும் சத்தம் கேட்கும். ஆனால் நேர் முகமும் சாய்ந்த முகமும் ஒட்டாது. நடுவில் காற்று நிற்கும். ஒளி பெருமளவு வீணாகும்; முகத்திலும் கீறல் விழும். அவசரத்துக்குக் கையில் இருந்ததைச் சொருகிவிட்டுப் போன ஆளால், அந்த வீட்டுக்கு அன்றோடு சனி பிடித்தது.

அடுத்தது கயிற்றின் நிறம். மஞ்சள் என்றால் 9 மைக்ரான் உள்வழி, தொலைதூரத்துக்கு. இதை "சிங்கிள் மோடு" என்பார்கள். ஆரஞ்சு என்றால் 50 அல்லது 62.5 மைக்ரான், கட்டடத்துக்கு உள்ளே, ஒரு யந்திரத்தில் இருந்து இன்னொரு யந்திரத்துக்கு. இது "மல்டி மோடு". பின்னால் வந்த நல்ல ரகங்களுக்கு ஆகாய நீலம், ஊதா, இளம்பச்சை என்று நிறங்கள்.

எண்ணூர், மணலி வட்டாரத்துத் தொழிற்சாலைகளில் இந்த வித்தியாசம் பெரிய விஷயம். வெவ்வேறு காலத்தில் போட்ட வலைகள் அடுத்தடுத்து இருக்கும் இடத்தில், மஞ்சளும் ஆரஞ்சும் ஒரே அறைக்குள் கிடக்கும். இரண்டையும் இணைத்தால் வேடிக்கை பாருங்கள்: மஞ்சளில் இருந்து ஆரஞ்சுக்கு ஒளி தாராளமாகப் போகும். சிறிய குழாய்த் தண்ணீரைப் பெரிய குழாயில் விடுவது மாதிரி. ஆனால் ஆரஞ்சில் இருந்து மஞ்சளுக்குத் திரும்பி வர வேண்டிய ஒளியில் நூற்றில் ஒன்றிரண்டு பங்கு தேறினாலே அதிகம். மீதி வாசலிலேயே நின்றுவிடும். ஒரு பக்கம் விளக்கு எரியும். மறு பக்கம் எரியாது. யந்திரம் பழுது என்று நினைத்துப் புது யந்திரம் வாங்கிப் பார்ப்பார்கள். அதிலும் எரியாது!

மின்நிலையமும் துறைமுகமும் ஒளியிழையை விரும்புவதற்குக் காரணம், பக்கத்தில் எவ்வளவு பெரிய மோட்டார் ஓடினாலும், உயர் அழுத்த மின்கம்பி போனாலும், ஒளிக்கு அதனால் தொல்லை கிடையாது என்பதுதான். மின்கோபுரங்களின் உச்சியில் இடிதாங்கியாக ஓடும் கம்பிக்கு உள்ளேயே ஒளியிழையை வைத்து அனுப்புவதும் உண்டு. இப்படிப்பட்ட இடங்களில் கார்டு வாங்கும்போது உறையைப் பார்க்க வேண்டும். சாதாரண பி.வி.சி. உறை தீப்பிடித்தால் கரும்புகையும், அமில வாயுவும் கிளம்பும். மூடிய கண்ட்ரோல் ரூமில் ஆட்கள் வழி தெரியாமல் தவிப்பார்கள். யந்திரங்கள் அரித்துப் போகும். புகை குறைவாக, அமில வாயு இல்லாமல் எரியும் உறை இருக்கிறது. விலை கொஞ்சம் கூடுதல்.

வளைத்தால் கசியும்

ஒளியை வளைக்கலாம். ஆனால் அளவு இருக்கிறது. பழைய ரக இழையை 30 மில்லிமீட்டர் ஆரத்துக்கும் குறுக்கி வளைத்தால், ஒளி பக்கவாட்டில் கசிந்துவிடும். ஒரு டீத் தட்டின் வட்டத்தைவிடச் சிறிதாகச் சுற்றாதீர்கள். புது ரகம் ஒன்று வந்திருக்கிறது, "ஜி.657 ஏ2" என்று உறையிலேயே அச்சடித்திருக்கும். 7.5 மில்லிமீட்டர் வரை தாங்கும். சுவர் மூலையில், நாற்காலி நடுவில் கயிறு போக வேண்டிய பஞ்சாயத்து ஆபீசுக்கும் வீட்டுக்கும் இதுவே ஏற்றது.

எங்கே மடிந்திருக்கிறது என்று கண்ணால் தேட முடியாத இடத்தில், தொழில் தெரிந்தவர் ஒரு தந்திரம் செய்வார். ஒளியின் அலைநீளத்தை மாற்றி அளப்பார். 1,310-ல் சரியாக இருந்து 1,550-ல் மட்டும் குறைந்தால், அது பெரும்பாலும் மடிப்பு. இரண்டிலும் குறைந்தால், முதலில் முனை அழுக்கைப் பார்க்க வேண்டும். மடிப்பில் நீண்ட அலைதான் முதலில் கசியும் என்பதே இதன் சூட்சுமம்.

பிளாஸ்டிக் நாடாவால் இறுக்கிக் கட்டுவது, ஆணியில் முடிச்சுப் போட்டு மாட்டுவது, மேஜைக் காலுக்கு அடியில் நசுங்க விடுவது, மூன்று மீட்டர் போதும் என்ற இடத்தில் பத்து மீட்டர் வாங்கி மிச்சத்தைச் சுருட்டித் திணிப்பது எல்லாம் ஒளிக்கு ஆகாது. உள்ளே உபயோகிக்கும் மஞ்சள் கயிற்றை வெளிச்சுவரில் வெயிலில் தொங்க விடுவதும் தப்பு. உறை நாளடைவில் வெடித்துவிடும். வயல் எலி வரும் இடத்தில், உள்ளே எஃகுச் சுருள் வைத்த கார்டு வாங்குவது நல்லது. 2023 டிசம்பர் மிச்சாங் புயலில் பார்த்ததுபோல் வெள்ளம் புகுந்து, மூழ்கிய கார்டை வெயிலில் காயவைத்து மறுபடி சொருகுவது வீண் வேலை. முகத்தில் சேறு உலர்ந்து ஒட்டியிருக்கும்.

கடையில் கேட்க வேண்டியது

நல்ல கார்டு எது? பாக்கெட்டின் மேல் நம்பர் இருக்கும். அந்த நம்பருக்கு உரிய சோதனைச் சீட்டு கூடவே இருக்கும். இணைப்பில் இழக்கும் ஒளி 0.3 டெசிபலுக்கு மேல் போகக் கூடாது. திரும்பி வரும் ஒளியின் கணக்கு, நீல மூக்குக்கு 50 டெசிபலும், பச்சைக்கு 60 டெசிபலும் குறையாமல் இருக்க வேண்டும். இந்தக் கணக்கில் எண் பெரிதாக இருப்பதுதான் நல்லது. மூக்கு சிர்கோனியா பீங்கானாக இருக்க வேண்டும். சோதனைச் சீட்டு கேட்டால், "அதெல்லாம் எதுக்கு சார், கேரண்டி!" என்று சொல்லும் கடையில் வாங்காமல் திரும்புவது லாபம்.

நல்லதுக்கும் மட்டத்துக்கும் விலை வித்தியாசம் பல மடங்கு என்பது உண்மை. ஆனால் அது நூறு ரூபாய்க் கணக்கில் வரும் வித்தியாசம். ஒருவர் மோட்டார் சைக்கிளில் பொன்னேரியில் இருந்தோ, திருவொற்றியூரில் இருந்தோ புறப்பட்டு வந்து, பார்த்துவிட்டுப் போகும் ஒரு தடவைச் செலவுக்கு அது ஈடாகாது. மூன்று தடவை வந்து, மூன்று தடவையும் கம்பத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பினால்?

பராமரிப்புக்கு 10 ஆண்டுக்குப் பணம் ஒதுக்கி இருக்கிறார்கள். அந்த ஒப்பந்தத்தில் அறுந்த கேபிளை எத்தனை மணி நேரத்தில் ஒட்ட வேண்டும் என்று எழுதுவதோடு, முனையைத் துடைத்து, பவர் அளந்து, அந்த எண்ணை ஆபீஸ் நோட்டில் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும் என்றும் எழுதலாம். மாதம் ஒரு தடவை அளந்தால் போதும். போன மாதம் மைனஸ் 20, இந்த மாதம் மைனஸ் 23 என்றால், சிவப்பு விளக்கு எரிவதற்கு முன்பே ஆளைக் கூப்பிட்டுவிடலாம். பஞ்சாயத்து செயலாளர் என்ஜினீயர் ஆக வேண்டியதில்லை. இரண்டு எண்களை ஒப்பிட்டுப் பார்க்கத் தெரிந்தால் சரி.

மீஞ்சூர் யூனியனுக்கு 55 பஞ்சாயத்து. பஞ்சாயத்துக்கு இரண்டு உபரிக் கார்டு என்றால் 110. பச்சையா நீலமா என்று பாக்கெட்டின் மேல் எழுதி, பிரிக்காமல் அடுக்கினால், யூனியன் ஆபீஸ் அலமாரியில் ஒரு தட்டுகூட நிறையாது. அதே தட்டில் துடைக்கும் பேனா நாலும், பவர் மீட்டர் ஒன்றும் வைக்கலாம். சாவியை மட்டும் லீவில் போகிறவர் கையோடு எடுத்துச் செல்லாமல் பார்த்துக் கொள்ள வேண்டும்.